சோடியம் தங்கும், அம்மோனியா நழுவும்: கரைசல் போடப் பழகுவோருக்கு ஒரு வழிகாட்டி

கரைசல் போடுவது என்றால் பொடியைத் தண்ணீரில் கொட்டிக் கலக்குவதுதானே என்ற நினைப்போடுதான் பலரும் முதன்முதலாக ஆய்வகத்துக்குள் வருகிறார்கள். கல்லுப்புக்கு அது போதும். காஸ்டிக் சோடாவை (சோடியம் ஹைட்ராக்சைடு) அப்படிக் கொட்டினால் குடுவை கையைச் சுடும். லிக்கர் அம்மோனியா (அம்மோனியா வாயு செறிவாகக் கரைந்த தண்ணீர்) பாட்டிலை அப்படி அலட்சியமாகத் திறந்தால் அடுத்த ஐந்து நிமிடம் கண்ணைத் திறக்க முடியாது.

சோடியம், அம்மோனியா என்ற இந்த இரண்டு குடும்பத்துக்கும் உள்ள வேறுபாட்டை முதலிலேயே பிடித்துக்கொண்டால் பிறகு வருவதெல்லாம் எளிது. சோடியம் சேர்மம் எதுவானாலும் தண்ணீரில் இறங்கியதும் அயனிகளாகப் பிரிகிறது. அதில் சோடியம் அயனி பெரும்பாலும் வேடிக்கை பார்த்துக்கொண்டு நிற்கும். காரமா, உப்பா, கறை நீக்குமா, தோலை அரிக்குமா என்பதையெல்லாம் முடிவு செய்வது அதனோடு வந்த ஜோடி. ஆனால் சோடியம் எங்கும் போய்விடாது. தண்ணீரைக் கொதிக்க வைத்து வற்றவிட்டாலும் பாத்திரத்தின் அடியில் இருக்கும். அம்மோனியா அப்படியில்லை. அது வாயு. தண்ணீரில் கரைந்தாலும் பெரும்பகுதி பிரியாமல் மூலக்கூறாகவே கிடக்கும். சூடு பட்டால், மூடி திறந்தால், வலுவான காரம் ஒன்று பக்கத்தில் வந்தால் காற்றுக்கே திரும்பிப் போய்விடும்.

பிளஸ் ஒன் மாணவர்கள், ஆய்வக உதவியாளராகப் புதிதாகச் சேர்ந்தவர்கள், மீன்தொட்டி வைத்திருப்பவர்கள் ஆகியோரை மனதில் வைத்து இதை எழுதுகிறேன். மீன்தொட்டி எதற்கு என்பது கடைசியில் தெரியும்.

வாங்கி வைக்க வேண்டியவை

மளிகைக் கடையில் கல்லுப்பு, ஆப்பசோடா (சோடியம் பைகார்பனேட்டு), சலவைச் சோடா (சோடியம் கார்பனேட்டு). நாட்டு மருந்துக் கடையில் நவச்சாரம் (அம்மோனியம் குளோரைடு), படிகாரம் (அலுமினிய உப்பு), மயில்துத்தம் (தாமிர சல்பேட்டு). வெற்றிலைக் கடையில் சுண்ணாம்பு. ஹைப்போ எனப்படும் சோடியம் தயோசல்பேட்டு வேதிப்பொருள் கடையில் கிடைக்கும். வண்ணமீன் கடைகளில் 'ஆன்டி குளோரின்' என்று விற்பதும் பெரும்பாலும் இதுதான். கண்ணாடித் தம்ளர்கள், ஒரு கிராம் வரை காட்டும் தராசு, ஆய்வகத் தெர்மாமீட்டர் ஒன்று. காய்ச்சல் பார்க்கும் தெர்மாமீட்டர் உதவாது.

காஸ்டிக் சோடாவையும் லிக்கர் அம்மோனியாவையும் வீட்டுக்கு வாங்காதீர்கள். இவற்றைப் பற்றிக் கீழே எழுதியிருப்பது ஆய்வகத்துக்கு மட்டும். மயில்துத்தம் விஷம்; அதற்குப் பயன்படுத்திய தம்ளர் மறுபடி அடுக்களைக்குப் போகக் கூடாது.

முதலில் நிறங்காட்டித் தாள்

மஞ்சள் தூளை ஸ்பிரிட்டில் கலக்கித் தெளியவிட்டு, மேலே நிற்கும் மஞ்சள் நீரில் வெள்ளைக் காகிதத்தை நனைத்து நிழலில் உலர்த்துங்கள். வடிதாள் கிடைத்தால் இன்னும் நல்லது. பட்டை பட்டையாக வெட்டிக்கொண்டால் வேலை முடிந்தது. குழம்புக் கறை பட்ட சட்டையில் சோப்புப் போட்டதும் கறை சிவந்து போகிறதே, அதே வேதிவினைதான் இந்தத் தாளிலும் நடக்கிறது.

சங்குப்பூ கிடைத்தால் அதையும் வெந்நீரில் ஊறவைத்து வடித்துக்கொள்ளுங்கள். மஞ்சள் தாள் காரம் இருக்கிறதா இல்லையா என்று மட்டும் சொல்லும். சங்குப்பூச் சாறு எவ்வளவு காரம் என்பதையும் ஓரளவு காட்டும்: ஆப்பசோடாவில் நீலம் லேசாகப் பச்சையை நோக்கி நகரும், சலவைச் சோடாவில் நன்றாகப் பச்சையாகும், காஸ்டிக் சோடாவில் மஞ்சளாகிவிடும்.

கரையும்போது சுடுகிறதா, குளிர்கிறதா

ஒவ்வொரு தம்ளரிலும் 100 மில்லி தண்ணீர். வெப்பநிலையைக் குறித்துக்கொண்டு, ஒன்றில் 10 கிராம் உப்பு, இன்னொன்றில் 8 கிராம் ஆப்பசோடா, மூன்றாவதில் 25 கிராம் ஹைப்போ, நான்காவதில் 10 கிராம் நவச்சாரம் போட்டுக் கலக்குங்கள். உப்பில் மாற்றம் அநேகமாகத் தெரியாது. ஆப்பசோடா சில டிகிரி குளிரும். நவச்சாரத்தில் ஆறு டிகிரி அளவுக்கு இறங்கும். ஹைப்போதான் வேடிக்கை காட்டும்: பத்து டிகிரியை ஒட்டி இறங்கி, தம்ளரின் வெளிப்பக்கம் வியர்க்கும்.

படிகத்தில் இறுகிக் கிடக்கும் அயனிகளைப் பிரித்தெடுக்க ஆற்றல் செலவாகிறது. பிரிந்த அயனிகளைத் தண்ணீர் மூலக்கூறுகள் சூழ்ந்துகொள்ளும்போது ஆற்றல் வெளிவருகிறது. செலவு அதிகமானால் கரைசல் குளிரும், வரவு அதிகமானால் சுடும். உப்பில் இரண்டும் கிட்டத்தட்டச் சமம்.

சலவைச் சோடாவில் ஒரு சிக்கல் இருக்கிறது, புதிதாக வருபவர்கள் பலர் இதில்தான் தடுக்கி விழுகிறார்கள். அது இரண்டு வடிவில் கிடைக்கிறது. பளபளவென்ற படிகத்தில் ஒரு சோடியம் கார்பனேட்டுக்குப் பத்து நீர் மூலக்கூறுகள் சேர்ந்திருக்கும். வெள்ளைப் பொடியில் நீரே இருக்காது. பொடி தண்ணீரில் கரைந்தால் சுடும், படிகம் கரைந்தால் குளிரும். படிகம் தனக்கு வேண்டிய தண்ணீரில் ஒரு பங்கை ஏற்கெனவே வாங்கி வைத்திருக்கிறது, அந்த வெப்பமும் முன்னரே வெளியேறிவிட்டது. ஒரு லிட்டர் 0.1 மோலார் கரைசலுக்குப் (மோலார் என்பது ஒரு லிட்டரில் எத்தனை மோல் என்ற செறிவு அளவு) பொடி என்றால் 10.6 கிராம், படிகம் என்றால் 28.6 கிராம் எடுக்க வேண்டும். பாட்டிலில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்க்காமல் எடை போட்டால் செறிவு ஏறத்தாழ மூன்று மடங்கு பிசகும். காற்றோட்டமாக வைத்த படிகம் நீரை இழந்து மேலே மாவு பூத்துவிடும். அந்த அரைகுறைச் சரக்கை எந்தக் கணக்குக்கும் நம்ப வேண்டாம். தரம் பார்க்கும் கரைசல், அதாவது செறிவு துல்லியமாகத் தெரிந்த கரைசல் தேவையென்றால் நீரற்ற பொடியை 250 டிகிரிக்கு மேல் சூடாக்கி உலர்த்தி, ஆறியதும் உடனே எடை போடுங்கள்.

இன்னொன்று. நீரற்ற பொடியின் மேல் தண்ணீரை ஊற்றாதீர்கள். பொடி நீரை உறிஞ்சிக் கல் மாதிரி கட்டிவிடும், பிறகு கரண்டியால் குத்தினாலும் உடையாது. தண்ணீரைக் கலக்கிக்கொண்டே பொடியைத் தூவுவதே வழி.

எவ்வளவு கரையும்

சூடாக்கினால் அதிகம் கரையும் என்பது பொதுவாகச் சரிதான், ஆனால் சோடியம் சேர்மங்கள் அந்த விதிக்கு அடங்காத பிள்ளைகள். கல்லுப்பையே பாருங்கள்: 100 மில்லி தண்ணீரில் 0 டிகிரியில் 35.7 கிராம் கரையும், 100 டிகிரியில் 39 கிராம். அவ்வளவுதான் வித்தியாசம். அதனால் சூடான உப்புக் கரைசலை ஆறவைத்துப் படிகம் எடுக்கலாம் என்று காத்திருந்தால் ஏமாற்றமே மிஞ்சும். தண்ணீரை ஆவியாக்கித்தான் உப்பை எடுக்க வேண்டும். தூத்துக்குடி உப்பளங்களில் வெயிலையும் காற்றையும் நம்பியிருப்பதற்குக் காரணம் இதுதான். அங்கே உப்புநீரின் அடர்த்தியைப் போமே மானியில் அளந்து பார்ப்பார்கள். 25 டிகிரி போமேயை ஒட்டி உப்பு விழத் தொடங்கும். 29, 30 வந்ததும் மிச்ச நீரை வடித்து வெளியேற்றிவிடுவார்கள்; இல்லாவிட்டால் மக்னீசிய உப்புகளும் சேர்ந்து விழுந்து உப்பு கசக்கும்.

ஆப்பசோடா 20 டிகிரியில் 9.6 கிராம்தான் கரையும். மேலே 8 கிராம் என்று சொன்னது அதனால்தான். சூடாக்கினால் இன்னும் கரையும், ஆனால் அதோடு கரியமில வாயுவும் கிளம்பும். கொதிக்க வைத்து ஆறவைத்த ஆப்பசோடாக் கரைசலில் இருப்பது பெரும்பாலும் சலவைச் சோடாதான். மஞ்சள் தாளை முன்னும் பின்னும் நனைத்துப் பார்த்தால் தெரிந்துவிடும்: கொதிக்கும் முன் மங்கலான செம்மஞ்சள், கொதித்த பின் அடர்ந்த செம்பழுப்பு.

சோடியம் சல்பேட்டும் சலவைச் சோடாவும் இன்னும் விசித்திரமானவை. சோடியம் சல்பேட்டின் கரைதிறன் 32.4 டிகிரி வரை வேகமாக ஏறி, 100 கிராம் தண்ணீருக்கு 50 கிராம் அளவுக்கு வந்து, அதன்பின் மெல்ல இறங்கும். அந்த வெப்பநிலைக்குக் கீழே பத்து நீர் கொண்ட படிகம்தான் நிலையானது. மேலே நீரற்ற வடிவம். சலவைச் சோடாவும் 35 டிகிரியை ஒட்டி உச்சம் தொட்டுவிட்டுச் சற்றே இறங்கும். நம் ஊர்க் கோடைக்காலத்தில் ஆய்வக அறை வெப்பநிலையே இந்த உச்சிக்கு வந்துவிடும் என்பதால், பகலில் தெளிவாக இருந்த செறிந்த கரைசல் விடியற்காலையில் அடியில் கட்டியாக நிற்பதைப் பார்த்தால் பதறாதீர்கள். இளஞ்சூட்டில் வைத்துக் கலக்கினால் மீண்டும் கரைந்துவிடும்.

ஹைப்போவை வைத்து ஒரு சின்ன விளையாட்டு. சுத்தமான சோதனைக் குழாயில் படிகங்களைப் போட்டு, சில துளி தண்ணீர் விட்டு, வெந்நீரில் வைத்தால் 48 டிகிரியில் உருகித் தெளிந்த திரவமாகும். வாயைப் பஞ்சால் அடைத்து அசையாமல் ஆறவிடுங்கள். அறை வெப்பநிலைக்கு வந்த பிறகும் திரவமாகவே இருக்கும். இப்போது ஒரே ஒரு ஹைப்போத் துணுக்கை உள்ளே போட்டதும், அதிலிருந்து படிகம் நாலாபக்கமும் ஓடிக் குழாய் முழுவதும் இறுகும். குழாய் கையில் சுடும். உருகும்போது உறிஞ்சிய வெப்பம் திரும்பி வருகிறது.

காஸ்டிக் சோடா: ஆய்வகத்தில் மட்டும்

10 கிராம் காஸ்டிக் சோடாவை 100 மில்லி தண்ணீரில் கரைத்தால் வெப்பநிலை சுமார் 25 டிகிரி ஏறும். 32 டிகிரித் தண்ணீரில் தொடங்கினால் 57 டிகிரியில் போய் நிற்கும். செறிவு இன்னும் கூடினால் கொதிநிலையையே எட்டும். ஆகவே கண்ணாடி, கையுறை இரண்டையும் மாட்டிக்கொண்ட பிறகே பாட்டிலைத் தொடுங்கள்.

எடை போடும்போது காகிதத்தில் வைக்காதீர்கள். வில்லைகள் காற்றின் ஈரத்தை இழுத்து ஒட்டிக்கொள்ளும். அலுமினியத் தட்டு அறவே வேண்டாம். காஸ்டிக் கரைசல் அலுமினியத்தை அரித்து ஹைட்ரஜன் வாயுவைக் கிளப்பும். சிறு பீக்கரில் வேகமாக எடை போட்டு முடியுங்கள். ஒரு லிட்டர் 1 மோலார் கரைசலுக்கு 40 கிராம்.

பெரிய பீக்கரில் கொதித்து ஆறிய தண்ணீரை முக்கால் பங்கு எடுத்துக்கொண்டு, அதைக் குளிர்நீர்த் தொட்டியில் இறக்கி வையுங்கள். கொதிக்க வைப்பது தண்ணீரில் கரைந்திருக்கும் கரியமில வாயுவை விரட்ட. வில்லைகளைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு ஒவ்வொரு முறையும் கலக்குங்கள். மொத்தமாகக் கொட்டினால் அடியில் கட்டியாகி, அந்த இடத்தில் மட்டும் தண்ணீர் கொதித்து மேலே தெறிக்கும். வில்லையின் மேல் தண்ணீர் ஊற்றுவது இதைவிட மோசம். எல்லாம் கரைந்து, அறை வெப்பநிலைக்கு வந்த பிறகே அளவுக்குடுவைக்கு மாற்றிக் குறி வரை நிரப்ப வேண்டும். சூடாக இருக்கும்போது குறி பார்த்தால் ஆறியதும் கரைசல் சுருங்கி அளவு தப்பும்.

பிளாஸ்டிக் பாட்டிலில் ஊற்றி வையுங்கள். கண்ணாடி மூடி போட்ட பாட்டிலில் வைத்தால் மூடி ஒட்டிக்கொண்டு, கடைசியில் கழுத்தை உடைத்துத்தான் எடுக்க வேண்டியிருக்கும். எவ்வளவு கவனமாகப் போட்டாலும் காஸ்டிக் கரைசலின் செறிவு 'ஏறத்தாழ' தான். காற்றின் ஈரமும் கரியமில வாயுவும் வில்லையிலேயே ஏறியிருக்கும். தரம் தெரிந்த அமிலத்தை வைத்துத் தரப்படுத்திய பிறகே கணக்கில் சேர்க்க வேண்டும்.

கையில் பட்டால் வழவழப்பாக இருக்கும். தோலில் உள்ள கொழுப்பு சோப்பாகிக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். வினிகர், எலுமிச்சை என்று எதையும் தேடாமல் ஓடும் தண்ணீரில் கழுவுங்கள். கண்ணில் பட்டால் இமையை விரித்துப் பிடித்துக் குறைந்தது பதினைந்து நிமிடம் தண்ணீர் விட்டு, நேரே மருத்துவமனை.

அம்மோனியா: வீட்டில் ஒரு சிட்டிகை

மாடியிலோ முற்றத்திலோ, காற்றோட்டமான இடத்தில் ஒரு சிட்டிகை நவச்சாரத்தையும் அதே அளவு வெற்றிலைச் சுண்ணாம்பையும் சிறு கிண்ணத்தில் குழையுங்கள். முகத்தைக் கிண்ணத்தின் மேல் கொண்டு போக வேண்டாம். கையால் காற்றை உங்கள் பக்கம் விசிறினாலே நெடி வரும். நவச்சாரத்தில் அம்மோனியம் அயனியாகக் கட்டுண்டு கிடந்ததைச் சுண்ணாம்பின் காரம் அவிழ்த்துவிடுகிறது. சுண்ணாம்புக்குப் பதில் சலவைச் சோடாவைப் போட்டு இளஞ்சூடு காட்டினாலும் இதேதான் நடக்கும். செய்முறைத் தேர்வில் உப்பைக் காஸ்டிக் கரைசலோடு சூடாக்கி 'அம்மோனியம் உண்டு' என்று எழுதுகிறீர்களே, அதுவும் இதுவே.

இப்போது ஈரமான மஞ்சள் தாளைக் கிண்ணத்துக்கு மேலே பிடியுங்கள். தாள் எதையும் தொடவில்லை, ஆனாலும் சிவக்கும். பக்கத்தில் இன்னொரு தாளில் சலவைச் சோடாக் கரைசலை ஒரு துளி வையுங்கள், அதுவும் சிவக்கும். இரண்டையும் காற்றில் உலர விடுங்கள். சோடாவால் சிவந்த தாள் சிவப்பாகவே இருக்கும். அம்மோனியாவால் சிவந்த தாள் கொஞ்ச நேரத்தில் மீண்டும் மஞ்சளாகிவிடும்.

பெயர்ச்சீட்டு கிழிந்த காரப் பாட்டில் ஒன்று ஆய்வக அலமாரியில் கிடந்தாலும் இதே தந்திரம் உதவும். மோந்து பார்த்துக் கண்டுபிடிக்க முயலாதீர்கள். ஒரு துளியைக் கண்ணாடித் தகட்டில் வைத்து உலரவிடுங்கள். அம்மோனியாவானால் ஒன்றும் மிஞ்சாது. சலவைச் சோடாவானால் வெள்ளைப் பொருக்கு. காஸ்டிக்கானால் முதலில் உலரவே உலராது, பிசுபிசுவென்று கிடந்து, பிறகு காற்றின் கரியமில வாயுவை எடுத்துக்கொண்டு மெல்ல வெள்ளை பூக்கும்.

லிக்கர் அம்மோனியா பாட்டில்

ஆய்வக அம்மோனியா பாட்டிலில் 0.91 அல்லது 0.88 என்று ஓர் எண் இருக்கும். அது ஒப்படர்த்தி. உப்புக் கரைசல் செறிவானால் கனக்கும். தெவிட்டிய உப்புநீரின் அடர்த்தி 1.2. அம்மோனியாவில் நேர் எதிர், செறிவு கூடக் கூட லேசாகும். 0.91 என்றால் சுமார் 25 சதவீதம், 0.88 என்றால் சுமார் 35 சதவீதம். எண் சிறியது என்பதால் பலவீனமான சரக்கு என்று நினைத்துவிடாதீர்கள்.

25 சதவீத அம்மோனியா ஏறத்தாழ 13.4 மோலார். 2 மோலார் கரைசல் ஒரு லிட்டர் வேண்டுமென்றால் 150 மில்லி எடுத்துத் தண்ணீரில் ஊற்றி லிட்டராக்குங்கள். புகைவெளியேற்றிப் பெட்டிக்குள் வைத்துச் செய்ய வேண்டும், வாயால் பிப்பெட்டு உறிஞ்சுவது கூடவே கூடாது. நீங்கள் போட்ட அன்று 2 மோலாராக இருப்பது ஒரு மாதத்தில் அப்படி இருக்காது. ஒவ்வொரு முறை திறக்கும்போதும் கொஞ்சம் போய்க்கொண்டே இருக்கும்.

தண்ணீரில் அம்மோனியா கரையும் அளவு வியப்பூட்டும். 20 டிகிரியில் ஒரு லிட்டர் தண்ணீர் சுமார் 700 லிட்டர் வாயுவை விழுங்கும். பாடப்புத்தகத்தில் வரும் நீரூற்றுச் சோதனை இதை வைத்துத்தான். ஆனால் வெப்பநிலை ஏறினால் அந்தப் பிடி சட்டென்று தளரும்: 100 கிராம் தண்ணீரில் 0 டிகிரியில் 90 கிராம் அளவுக்குக் கரைவது 20 டிகிரியில் 53 கிராமாகவும், 100 டிகிரியில் 7 கிராம் அளவுக்கும் குறைந்துவிடும். கத்திரி வெயிலில், மின்விசிறி கூட இல்லாத இருப்பறையில் கிடந்த புதுப் பாட்டிலுக்குள் அழுத்தம் ஏறியிருக்கும். ஐஸ் தண்ணீரில் அரை மணி நேரம் வைத்து, வாயைத் துணியால் மூடி, முகத்தை விலக்கிக்கொண்டு மெல்லத் திருகுங்கள். இந்த ஒரு விஷயத்தில் சோம்பல் படாதீர்கள்.

நெடி இவ்வளவு இருந்தும் அம்மோனியா வலுவற்ற காரம்தான். 1 மோலார் கரைசலில் ஆயிரம் மூலக்கூறுக்கு நான்குதான் அயனியாகும். பி.எச். (காரத்தைக் காட்டும் எண்; 7 நடுநிலை, அதற்கு மேல் ஏற ஏறக் காரம்) 11.6. சலவைச் சோடாவின் 0.1 மோலார் கரைசலும் ஏறத்தாழ அதே பி.எச்.தான் காட்டும். காஸ்டிக் 0.1 மோலாரிலேயே 13.

பிளீச்சிங் கரைசல், அதாவது சோடியம் ஹைப்போகுளோரைட்டு, அம்மோனியாவோடு எந்தக் காரணத்துக்காகவும் சேரக் கூடாது. குளோரமின் வாயுக்கள் கிளம்பி நுரையீரலைப் பாதிக்கும். சிறுநீர் தேங்கி நாறும் கழிப்பறையில் பிளீச்சைக் கொட்டுவதும் இதே ஆபத்து. முதலில் தண்ணீர் விட்டு நன்றாக அலசிவிட்டுத்தான் பிளீச்.

அம்மோனியா எங்காவது கசிந்தால் நனைத்த துணியை மூக்கில் வைத்துக்கொண்டு காற்று வீசும் திசைக்குக் குறுக்காக விலகிப் போங்கள். தண்ணீர் அம்மோனியாவை அத்தனை ஆவலாக விழுங்கும் என்பதே ஈரத்துணியின் பயன். 2023 டிசம்பர் இறுதியில் எண்ணூரில் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்து, நள்ளிரவில் மீனவக் கிராம மக்கள் வீட்டைவிட்டு ஓடினார்கள். அப்படிப்பட்ட நேரத்தில் இந்த ஒரு வரி தெரிந்திருப்பது நல்லது.

மயில்துத்தமும் படிகாரமும்

இரண்டும் காரம் என்றாலும் உலோக உப்புகளிடம் சோடியம் காரம் ஒரு மாதிரியும் அம்மோனியா வேறு மாதிரியும் நடந்துகொள்ளும். உப்புப் பகுப்பாய்வில் பாதி விஷயம் இதில் அடங்கிவிடும்.

மயில்துத்தக் கரைசலில் காஸ்டிக் விட்டால் இளநீல வீழ்படிவு (கரையாமல் பிரிந்து இறங்கும் பொருள்) விழும். இன்னும் விட்டாலும் அப்படியே நிற்கும். அம்மோனியா விட்டாலும் முதலில் அதே இளநீலம். விடுவதை நிறுத்தாதீர்கள், வீழ்படிவு கரைந்து, கண்ணைப் பறிக்கும் கருநீலத் தெளிகரைசல் வரும். அம்மோனியா மூலக்கூறுகள் தாமிர அயனியைச் சுற்றி உட்கார்ந்து அதைக் கரைசலுக்குள் இழுத்துக்கொள்கின்றன. சோடியம் அயனிக்கு அந்தத் திறமை கிடையாது.

படிகாரத்தில் கதை தலைகீழ். இரண்டு காரத்திலும் கஞ்சி போல வெள்ளை வீழ்படிவு விழும். காஸ்டிக் கூடுதலாக விட்டால் கரையும், அம்மோனியா கூடுதலாக விட்டால் கரையாது. துத்தநாக உப்பில் விழும் வீழ்படிவு கூடுதலாக விட்டால் இரண்டிலும் கரையும். தாமிரம், அலுமினியம், துத்தநாகம் மூன்றையும் பிரித்தறிய இந்த இரண்டு பாட்டில்களே போதும். சொட்டுச் சொட்டாக விடும் பொறுமை மட்டும் வேண்டும். ஒரேயடியாக ஊற்றினால் நடுவில் வந்துபோகும் வீழ்படிவைப் பார்க்காமலே தவறவிடுவீர்கள்.

தண்ணீர் அல்லாத திரவங்கள்

எத்தனாலில் கல்லுப்பு கரையாது என்றே சொல்லலாம். காஸ்டிக் கரையும். சலவைச் சோடா கரையாது. தெவிட்டிய உப்புநீரில் எத்தனால் வகை ஸ்பிரிட்டை ஊற்றினால் உப்பு வெண்பொடியாக இறங்கும். ஐசோபுரோப்பைல் வகையானால் திரவமே இரண்டு அடுக்காகப் பிரிவதையும் பார்க்கலாம். சோடியம் அயோடைடு மட்டும் அசிட்டோனில் கூட நன்றாகக் கரையும். சோடியம் குளோரைடு கரையாது. கரிம வேதியியலார் இந்த வேற்றுமையை வைத்தே ஒரு வினையை முன்னுக்குத் தள்ளுகிறார்கள்.

திரவ அம்மோனியா, அதாவது −33 டிகிரியில் கொதிக்கும் தூய அம்மோனியா, தனி உலகம். தண்ணீரில் போட்டால் தீப்பற்றும் சோடியம் உலோகம் அதில் அமைதியாகக் கரைந்து ஆழ்ந்த நீல நிறம் தரும். உலோகம் விட்டுக்கொடுத்த எலக்ட்ரான்கள் அம்மோனியா மூலக்கூறுகளுக்கு நடுவே மிதப்பதால் வரும் நிறம் அது. செறிவு கூடினால் வெண்கல நிறமாகும். தண்ணீரில் வெள்ளி குளோரைடு வீழ்படிவாகும், பேரியம் குளோரைடு கரையும். திரவ அம்மோனியாவில் பேரியம் குளோரைடு வீழ்படிவாகும், வெள்ளி குளோரைடு கரையும். படித்து ரசிக்க மட்டும், முயல வேண்டியதில்லை.

சோடியமும் அம்மோனியாவும் சேர்ந்து வேலை செய்யும் பெரிய இடம் சோடா ஆலை. பெல்ஜியத்தின் எர்னஸ்ட் சால்வே 1860களில் நிலைநிறுத்திய முறையில், உப்புநீரில் அம்மோனியாவைக் கரைத்துக் கரியமில வாயுவைச் செலுத்துவார்கள். அந்தக் கலவையில் இருக்கக்கூடிய உப்புகளில் ஆப்பசோடாதான் குறைவாகக் கரைவது, அதனால் அது கீழே இறங்கிவிடும். அதைச் சூடாக்கினால் சலவைச் சோடா. தூத்துக்குடியில் உள்ள சோடா ஆலை இதன் மாற்று வடிவத்தில் இயங்குவது. அங்கே நவச்சாரம், அதாவது அம்மோனியம் குளோரைடு, உரமாகவும் வெளிவருகிறது.

மீன்தொட்டியில் இதெல்லாம் ஒன்றாக வந்தால்

மீன்கள் செவுள் வழியாக அம்மோனியாவை வெளியேற்றுகின்றன. தண்ணீரில் அது இரண்டு வடிவில் இருக்கும்: அம்மோனியமாகவும் அம்மோனியாவாகவும். அம்மோனியம் பெரிதாகத் தீங்கு செய்யாது. அம்மோனியா செவுளை எரிக்கும். எது எவ்வளவு என்பதைத் தண்ணீரின் பி.எச். தீர்மானிக்கிறது. 25 டிகிரியில் பி.எச். 7 ஆனால் நச்சு வடிவம் வெறும் 0.6 சதவீதம். 8 ஆனால் 5 சதவீதத்துக்கு மேல். 9 ஆனால் 36 சதவீதம். தண்ணீர் 30 டிகிரியானால் பி.எச். 8இலேயே ஏழு சதவீதத்தைத் தாண்டும்.

கடையில் விற்கும் சோதனைக் கிட் இரண்டையும் கூட்டித்தான் காட்டும். அதனால் பி.எச். பார்க்காமல் அம்மோனியா மட்டும் பார்ப்பது அரைக் கணக்கு.

இப்போது, புதுத் தொட்டி, பி.எச். 7, மீன் சோர்ந்து கிடக்கிறது. யாரோ சொன்னார்கள் என்று ஒரு கரண்டி ஆப்பசோடாவைப் போடுகிறீர்கள். ஆப்பசோடாக் கரைசல் இயல்பாக நிற்கும் பி.எச். 8.3. தொட்டி 8க்கு ஏறியதும் நச்சு அம்மோனியா ஒன்பது மடங்காகிறது. மொத்த அம்மோனியா ஒரு துளியும் கூடவில்லை. கிட்டும் அதே நிறத்தைத்தான் காட்டும். காலையில் மீன் மிதக்கும்.

ஹைப்போவிலும் ஒரு பொறி இருக்கிறது. குழாய்த் தண்ணீரில் குளோரின் இருந்தால் ஹைப்போ அதை உடனே நீக்கும், நல்லது. தண்ணீரைக் குளோரமின் கொண்டு சுத்திகரிக்கும் ஊரானால் ஹைப்போ அதை உடைத்துக் குளோரைடாகவும் அம்மோனியாவாகவும் ஆக்கிவிடும். அதாவது தண்ணீர் மாற்றும்போதே தொட்டிக்குள் அம்மோனியா போகிறது. அப்படிப்பட்ட ஊரில் அம்மோனியாவையும் சேர்த்துக் கட்டும் வகை மருந்தைக் கேட்டு வாங்குங்கள்.

அம்மோனியா தெரிந்தால் இரையை நிறுத்துங்கள், கால் பங்கு முதல் அரைப் பங்கு வரை தண்ணீரை மாற்றுங்கள், காற்றுக்கல்லை ஓடவிடுங்கள். பி.எச்.சை உயர்த்தும் எதையும் அன்று தொடாதீர்கள். கிட் தொடர்ந்து சில நாள் சுழியம் காட்டிய பிறகு, பி.எச். மிகவும் தாழ்ந்து கிடந்தால் மட்டும் ஆப்பசோடாவைத் தனிக் குவளையில் கரைத்து, ஒரு நாளைக்குச் சிறிது என்று பிரித்து ஊற்றுங்கள். பாசி படர்ந்த தொட்டி, இறால் குட்டை போன்றவற்றில் ஒளிச்சேர்க்கை கரியமில வாயுவை இழுத்துக்கொள்வதால் பி.எச். பிற்பகலில்தான் உச்சத்தில் இருக்கும். காலையில் பார்த்த அளவை நம்பிவிடாமல், அங்கெல்லாம் பி.எச்., அம்மோனியா இரண்டையும் மதியம் இரண்டு மணிக்கு மேல் ஒருமுறை அளந்து பாருங்கள்.